தண்டவாளம் போன வழி

தெற்கே தஞ்சோங் பகார், வடக்கே உட்லண்ட்ஸ். இடையில் ஏறத்தாழ 24 கிலோமீட்டர். 2011 ஜூன் 30 வரை மலாயா ரயில் ஓடிய வழி இது. இப்போதெல்லாம் அதிகாலையில் ஓட்டக்காரர்கள் வருகிறார்கள், வெயில் ஏறும் முன் தள்ளுவண்டியில் பிள்ளையோடு தாய்மார் வருகிறார்கள், சனி ஞாயிறுகளில் சைக்கிள்கள். சிங்கப்பூரை உச்சியிலிருந்து அடிவரை இப்படிப் பிரித்துக்கொண்டு போகிற இன்னொரு பச்சைக் கோடு கிடையாது. அதிகாரபூர்வப் பெயர் ரயில் காரிடார். பழைய ஆட்களுக்கு அது இன்னும் கம்பிச்சடக்குதான்.

*

இந்தப் பாதையில் மூச்சு வாங்குவதே இல்லை. பக்கத்திலேயே 164 மீட்டர் உயரத்தில் புக்கிட் தீமா, நாட்டின் மிக உயர்ந்த குன்று. அதன் அடிவாரத்தை உரசிக்கொண்டு போகிறோம், ஆனால் ஏறுகிறோம் என்று கால் சொல்வதில்லை. காரணம் ரயில். இரும்புச் சக்கரம் இரும்புத் தண்டவாளத்தின்மேல் உருள்வதால் பிடிமானம் குறைவு. சரிவு கொஞ்சம் கூடினாலும் சக்கரம் வழுக்கும், கனமான வண்டியை எஞ்சின் இழுக்காது. அதனால் பாதை போட்டவர்கள் மேட்டை வெட்டினார்கள், பள்ளத்தை மண் கொட்டி உயர்த்தினார்கள், வளைவுகளை அகலமாக வளைத்தார்கள். எஞ்சினுக்காகச் செய்த அந்த உழைப்பு இன்று முழங்கால் வலிக்காரர்களுக்கும், நேற்றுத்தான் சைக்கிள் பழகிய பிள்ளைக்கும் உதவுகிறது. புதிதாக ஒரு நடைபாதை போட யாரும் இவ்வளவு மண்ணைப் புரட்டியிருக்க மாட்டார்கள்.

இரண்டு பக்கமும் சரிவாக வெட்டிய பள்ளத்துக்குள் பாதை நுழையும் இடங்களில் நின்று பார்க்க வேண்டும். வெட்டிய மண்சுவரில் பெரணி மண்டிக் கிடக்கும், கீழே ஓரமாக வடிகால். அங்கே காற்று சட்டென்று குளிரும்.

*

இந்த நிலம் எப்படித் தப்பியது?

சிங்கப்பூரில் ஒரு சாண் நிலத்துக்கும் திட்டம் உண்டு. அப்படிப்பட்ட ஊரில் நகரின் நடுவே இருபது கிலோமீட்டருக்குமேல் ஒரு பட்டை நிலம் கட்டடம் ஏறாமல் கிடந்தது தற்செயல் இல்லை. 1918-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றின்வழி சிங்கப்பூரின் ரயில் பாதையும் அதன் நிலமும் மலாய் கூட்டரசு மாநில ரயில்வேக்குக் கைமாறின. அதில் பெரும்பகுதி 999 ஆண்டுக் குத்தகை. 1965-இல் சிங்கப்பூர் தனி நாடானது. ரயில் நிலம் மலேசியாவின் ரயில்வேயிடமே இருந்தது. ஒரு நாட்டின் உடலுக்குள் இன்னொரு நாட்டுக்குச் சொந்தமான நரம்பு.

சிங்கப்பூர் அங்கே கட்ட முடியாது. மலேசியா நினைத்தாலும் சிங்கப்பூரின் ஒப்புதலின்றி எதுவும் எழுப்ப முடியாது. 1990-இல் ஓர் ஒப்பந்தம் கையெழுத்தானது. அதற்கு என்ன பொருள் என்பதிலேயே இருபது ஆண்டு இழுபறி. 1998-இல் சிங்கப்பூர் தன் குடிநுழைவுச் சோதனையை உட்லண்ட்ஸுக்கு மாற்றியது, மலேசியா தஞ்சோங் பகாரிலேயே வைத்துக்கொண்டது. விளைவு, வடக்கே போகும் பயணி முதலில் மலேசியாவுக்குள் நுழையும் சோதனையை முடித்து, அரைமணி நேரத்துக்குமேல் ரயிலில் போய், பிறகுதான் சிங்கப்பூரைவிட்டு வெளியேறுவார். உலகில் வேறெங்கும் பயணிகள் இப்படி எல்லை கடந்திருப்பார்களா என்று தெரியவில்லை.

2010-இல் இரு நாட்டின் அன்றைய பிரதமர்கள் லீ சியன் லூங்கும் நஜிப் ரசாக்கும் முடிவுக்கு வந்தார்கள். ரயில் நிலத்துக்கு ஈடாக மெரினா சவுத்திலும் ஓஃபிர் - ரோச்சோரிலும் நிலம். 2011 ஜூலை 1 முதல் ரயில் உட்லண்ட்ஸோடு நின்றது.

இரு நாடுகளும் முன்னரே ஒத்துப்போயிருந்தால் 1970களிலேயே இந்தப் பட்டை கூறு கூறாகப் போயிருக்கும் என்றே நினைக்கிறேன். வழக்கில் கிடக்கும் சொத்தை யாரும் தொடமாட்டார்கள் என்பார்களே, அதுபோலத்தான் இதுவும் பிழைத்தது.

*

இதற்குச் சான்று கையிலேயே இருக்கிறது. 1903-இல் திறந்த முதல் பாதை தஞ்சோங் பகாருக்குப் போகவில்லை. புக்கிட் தீமாவிலிருந்து நியூட்டன் வழியாக டேங்க் ரோட்டுக்குப் போனது. தண்டாயுதபாணி கோயில் இருக்கும் அதே டேங்க் ரோடு. கோயில் 1859-இலிருந்து அங்கே இருக்கிறது. ரயில் வந்தது, முப்பது ஆண்டு ஓடியது, 1932-இல் பாதை மேற்கே திருப்பப்பட்டதும் போய்விட்டது. கைவிட்ட அந்தத் துண்டுக்கு உரிமைச் சிக்கல் எதுவும் இல்லை. அதனால் சாலையும் வீடும் அதை விழுங்கிவிட்டன. தைப்பூசத்தன்று காவடியோடு அந்தப் பக்கம் நடக்கிற எத்தனை பேருக்கு அங்கே ரயில் நிலையம் இருந்தது தெரியும்?

1932-இல் மூடியது மறைந்தது. 2011-இல் மூடியது இருக்கிறது. நடுவில் ஊர் மனம் மாறியிருக்கிறது என்பதும் உண்மை. 2010 அக்டோபரிலேயே, கடைசி ரயில் போவதற்கு முன்பே, சிங்கப்பூர் இயற்கைச் சங்கம் இதை உடையாத பசுமைவழியாக வைத்துக்கொள்ள வேண்டும் என்று எழுதிக் கொடுத்தது. தண்டவாளத்தைக் கழற்றுவதற்கு முன் 2011 ஜூலையில் சில வாரம் பாதை முழுதும் மக்களுக்குத் திறந்துவிடப்பட்டபோது குடும்பம் குடும்பமாக வந்து சிலிப்பர் கட்டைகளின்மேல் நடந்தார்கள். காப்பாற்றச் சொல்லி அவர்கள் கையெழுத்துப் போட்டார்களோ இல்லையோ, நடந்தார்கள். அதைவிட வலுவான மனு இல்லை.

*

புக்கிட் தீமா நிலையம். ஒற்றை மாடிச் செங்கல் கட்டடம், நம் கிராமத்து ஸ்டேஷன் அளவே இருக்கும். மஞ்சள் விளக்கு, மர ஜன்னல், பெயர்ப்பலகை. முன்னால் தண்டவாளத்தின் ஒரு பகுதியை விட்டுவைத்திருக்கிறார்கள். புதுப்பித்து 2022-இல் திறந்தார்கள். ரயில்வே ஊழியர் குடியிருப்பைக் காப்பிக்கடையாக்கினார்கள்.

இங்கே நடந்த ஒரு வேலையைச் சொல்லாமல் போகக் கூடாது. பாதை ஒற்றை வழி. வடக்கிலிருந்து ஒன்றும் தெற்கிலிருந்து ஒன்றும் ஒரே நேரத்தில் வந்தால் மோதல். புக்கிட் தீமாவில் பாதை இரண்டாகப் பிரிந்து சேரும், அங்கே வண்டிகள் ஒன்றுக்கொன்று வழிவிடும். அடுத்த பகுதிக்குள் நுழைய ஓட்டுநர் கையில் டோக்கன் இருக்க வேண்டும். அது ஓர் உலோகச் சாவி. இரு முனை நிலையங்களிலும் உள்ள கருவிகள் மின்கம்பியால் பிணைக்கப்பட்டவை. ஒரு சாவி வெளியே இருக்கும்வரை இரண்டு பக்கத்திலும் இரண்டாவது சாவி வெளியே வராது. ஒரு பகுதியில் ஒரு வண்டிதான் என்பதற்கு அந்தச் சாவியே உறுதி. அதைத் தோல்பையில் போட்டு, பெரிய வளையத்தில் கோத்து, நிலைய அதிகாரி நடைமேடையில் கையை உயர்த்தி நிற்பார். வண்டி முழுதாக நிற்காது. வேகம் தணித்து ஊரும்போது எஞ்சினிலிருந்து நீளும் கை பழைய வளையத்தைக் கொடுத்துப் புதிய வளையத்தைத் தோளில் வாங்கிக்கொள்ளும்.

தமிழ்நாட்டில் மீட்டர்கேஜ் ஒற்றை வழிகளில் இதே வளையத்தைப் பார்த்து வளர்ந்த தலைமுறை ஒன்று உண்டு. பாதையின் அகலமும் அதே ஒரு மீட்டர்தான். சிங்கப்பூரின் அடுக்குமாடிகளுக்கும் விரைவுச்சாலைகளுக்கும் நடுவே, 2011 வரை, ஒருவர் கையிலிருந்து ஒருவர் கைக்கு மாறிய வளையத்தை நம்பி ரயில் ஓடியிருக்கிறது. இது பின்தங்கிய முறை என்று சொல்பவரோடு எனக்கு உடன்பாடில்லை. நூறாண்டு நிலைத்து நின்ற முறை.

*

இந்தப் பாதையில் நடப்பது 2011-இல் தொடங்கியதில்லை. ரயில் ஓடிய நாளெல்லாம் இங்கே ஆள் நடந்திருக்கிறார். கீமேன் கையில் சுத்தியலும் ஸ்பேனருமாகத் தன் பங்கு மைல்களை நாள் தவறாமல் நடந்து, தளர்ந்த ஆணியை அடித்து, மறையை இறுக்கி, தண்டவாளத்தில் விரிசல் உண்டா என்று பார்த்துக்கொண்டே போவார். பின்னால் கேங். சிலிப்பருக்கு அடியில் ஜல்லியைக் குத்தி இறுக்குவது, புல் வெட்டுவது, வடிகால் தூர் வாருவது. மழைநாட்டில் இந்த வேலை ஒருநாளும் முடியாது. புல் நாலு நாளில் முழங்காலுக்கு வந்துவிடும், ஜல்லிக்குள் சேறு ஏறிவிடும்.

மலாயா ரயில்வேயில் தமிழர் பங்கு பெரிது. 1885-இல் தைப்பிங்கிலிருந்து துறைமுகத்துக்குப் போட்ட முதல் பாதைக்கே இலங்கையிலிருந்து பயனியர் படை ஆட்கள் வந்தார்கள். பிறகு யாழ்ப்பாணத்துப் படித்த இளைஞர்கள் குமாஸ்தாக்களாகவும் ஸ்டேஷன் மாஸ்டர்களாகவும் வந்தார்கள். தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள் பாதையில் நின்றார்கள். ஒரே மொழி பேசியவர்களில் ஒருவர் வளையம் நீட்ட, இன்னொருவர் கடப்பாரையோடு ஓரம் ஒதுங்கி வண்டிக்கு வழிவிட்டார். இரண்டு வீட்டுப் பிள்ளைகளும் ஒரே பள்ளிக்குப் போனார்களா என்று கேட்க எனக்கு ஆசை.

குவீன்ஸ்டவுன் பக்கம் வந்தால் முனீஸ்வரர் நினைவுக்கு வருகிறார். காமன்வெல்த் டிரைவில் இன்று பெரிய கோயில். அதன் தொடக்கம் 1930களில் ரயில்வே குடியிருப்பில் இருந்த தொழிலாளர்கள் பாதையோரம் எழுப்பிய சிறு கோயில். காவல் தெய்வத்தைத்தான் வைப்பார்கள். இரவில் வண்டி வரும், பாம்பு வரும், இருட்டில் தனியே நடக்க வேண்டும். பிழைப்பின் அச்சம் எதுவோ அதற்கேற்ற சாமி. பாதையோரம் வைத்திருக்கும் விளக்கப் பலகைகளில் இந்தக் கேங் ஆட்களுக்கு இன்னும் நிறைய இடம் வேண்டும். பாலத்தின் எடையைச் சொல்கிற பலகை, அதன்மேல் சுத்தியலோடு நடந்தவரையும் சொல்லட்டும்.

*

1942. பாதை அருகில், மேல் புக்கிட் தீமா சாலையில், பழைய ஃபோர்டு கார்த் தொழிற்சாலை. பிப்ரவரி 15 அன்று பிரிட்டிஷ் தளபதி பெர்சிவல் ஜப்பானியரிடம் சரணடைந்தது அங்கேதான். இப்போது போர்க்கால நினைவுக் காட்சியகம். நடையிலிருந்து விலகி ஒருமணி நேரம் ஒதுக்கலாம்.

அதற்குப் பின் இந்தத் தண்டவாளம் சுமந்ததை எழுதவே கை தயங்குகிறது. போர்க்கைதிகளை அடைத்த சரக்கு வண்டிகள் சிங்கப்பூரிலிருந்து சயாமுக்கு இதே வழியாகத்தான் போயின. இரும்புப் பெட்டி, ஒன்றில் முப்பது பேருக்குமேல், படுக்க இடமில்லாமல், ஐந்து நாள்வரை. வடக்கே மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழ்த் தொழிலாளர்களையும் அப்படியே ஏற்றினார்கள். சயாம் - பர்மா மரண ரயில் பாதையில் பல்லாயிரம் தமிழர் மாண்டார்கள். வெள்ளைக் கைதிகளுக்கு வரிசை வரிசையாகக் கல்லறையும் பெயரும் உண்டு. நம்மவர்களில் பெரும்பாலோருக்குப் பெயர்கூடப் பதிவில்லை. ஞாயிற்றுக்கிழமைக் காலையில் இங்கே சைக்கிள் ஓட்டும்போது இதை நினைத்துத்தான் ஆகவேண்டும் என்று யாரையும் வற்புறுத்த மாட்டேன். எனக்கு நினைக்காமல் இருக்க முடியவில்லை.

*

பெரிய பாலங்கள் இரண்டு. ஒன்று மேல் புக்கிட் தீமா சாலைக்கு மேலே, ரயில் மால் கடை வரிசைக்குப் பக்கத்தில். இன்னொன்று புக்கிட் தீமா சாலை, நடுவில் பெரிய கால்வாய், டனர்ன் சாலை மூன்றையும் ஒரே தாவலில் கடக்கிறது. இரண்டும் 1932-இன் இரும்புச் சட்டப் பாலங்கள். தண்டவாளத்தின் பெரும்பகுதியைக் கழற்றி மலேசியாவுக்குத் திருப்பிக் கொடுத்தார்கள், இவற்றை வைத்துக்கொண்டார்கள். நடுவில் நின்றால் கீழே கார்கள், மேலே முக்கோணம் முக்கோணமாக வானம். புதுமணத் தம்பதியர் படமெடுக்க வருவார்கள். கொஞ்சம் காத்திருந்து வழிவிட்டுப் போனால் குறைந்துவிடாது.

*

மரங்களில் அல்பீசியாவே அதிகம். வெளியிலிருந்து வந்தது, விடுவிடென்று வளரும், கிளை பலமில்லை. பெருங்காற்றில் முறிந்து விழும். அதனால் சிலருக்கு அதன்மேல் வெறுப்பு. ஆனால் அதன் உச்சியில் கழுகினங்கள் கூடு கட்டுகின்றன. கீழே சிம்போ ஆயர் மஞ்சளாகப் பூத்திருக்கிறது. அதன் அகன்ற இலையில் ஒருகாலத்தில் உணவு மடித்துக் கொடுப்பார்கள். லாலாங் புல், தொட்டாற்சிணுங்கி. பழைய கிராமங்கள் இருந்த இடங்களில் டுரியானும் ரம்புத்தானும் இன்னும் காய்க்கின்றன. வீடு போய்விட்டது, முற்றத்து மரம் இருக்கிறது.

இருவாச்சி ஜோடியாகப் பறக்கும்போது சிறகோசை கேட்கும். உலகிலேயே அருகிவரும் ஒரு கொண்டைக்குருவி இனம், வைக்கோல் நிறத் தலை, குரலுக்காகவே பிடித்து விற்று இந்தோனேசியாவில் பல தீவுகளில் அற்றுப்போனது, சிங்கப்பூரில் இன்னும் பாடுகிறது. எறும்புதின்னியும் புக்கிட் தீமாக் காட்டில் உண்டு, இரவில்தான் வெளியே வரும்.

இவற்றுக்கெல்லாம் இந்தப் பாதை ஒரு வாசல். 1986-இல் முடிந்த விரைவுச்சாலை புக்கிட் தீமாக் காட்டையும் நடு நீர்ப்பிடிப்புக் காட்டையும் பிளந்தது. அதை மறுபடி தைக்கச் சாலைக்கு மேலே மரம் நட்ட பாலம் ஒன்றை 2013-இல் கட்ட வேண்டியிருந்தது. காட்டை ஒருமுறை வெட்டிவிட்டால் ஒட்டவைக்க எவ்வளவு செலவு என்பதற்கு அந்தப் பாலமே கணக்கு. ரயில் பாதையில் அந்த ஒட்டுவேலை தேவையில்லை. அது ஏற்கெனவே முழுதாக இருக்கிறது. முழுதாக விட்டால் போதும்.

*

முழுதாக விடுவதுதான் கடினம்.

யாரும் வந்து 24 கிலோமீட்டரையும் எடுத்துக்கொள்ள மாட்டார்கள். ஒரு சாலைக்குக் கொஞ்சம், ஒரு குடியிருப்புக்குக் கொஞ்சம், ஒரு தொழிற்பேட்டைக்குக் கொஞ்சம். ஒவ்வொன்றுக்கும் நியாயமான காரணம் இருக்கும். பாதையை ஒட்டிய கிளமெண்டி காடு ஏறத்தாழ 85 ஹெக்டேர்; வீடு கட்டுவதற்கென்று வரைபடத்தில் குறித்த நிலம். 2020 இறுதியில் அதன் பனிமூட்டக் காட்சிகள் பரவியபோதுதான் பலருக்கு அப்படியொரு காடு இருப்பதே தெரிந்தது. காப்பாற்றச் சொல்லி ஆயிரக்கணக்கில் ஒப்பமிட்டார்கள். அடுத்த ஆண்டுத் தொடக்கத்தில் கிராஞ்சியில் பாதையோரக் காட்டின் ஒரு பகுதி, உயிரினங்களைப் பற்றிய ஆய்வு முடிவதற்கு முன்னரே வெட்டப்பட்டது தெரியவந்தது. விசாரணை நடந்தது. மரம் திரும்பவில்லை.

வீடு வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாய் வராது. வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீட்டுக்கு ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் இளம் தம்பதிகள் என் வீட்டைச் சுற்றியே இருக்கிறார்கள். ஆனால் பாதையின் பயன் அதன் நீளத்தில் இருக்கிறது. நடுவில் 500 மீட்டர் போனால் போவது ஐந்நூறு மீட்டர் மட்டுமில்லை. இரண்டு பூங்காக்கள் மிஞ்சும், பாதை மிஞ்சாது. பறவைக்கும் அப்படித்தான், சைக்கிளுக்கும் அப்படித்தான். குடிநீருக்குக்கூட: முர்னேன் நீர்த்தேக்கத்திலிருந்து நகருக்குப் போகும் பெருங்குழாயைப் பதிக்க வேண்டியிருந்தபோது, பதினொரு கிலோமீட்டர் போல இந்தப் பாதைக்கு அடியில்தான் கொண்டுபோனார்கள். இடைவிடாத நிலம் வேறெங்கே கிடைக்கும்?

*

தஞ்சோங் பகார் நிலையம், 1932. முகப்பில் நான்கு பளிங்கு உருவங்கள்: வேளாண்மை, வணிகம், போக்குவரத்து, தொழில். உள்ளே உயர்ந்த கூடம், சுவரில் மலாயாவின் பிழைப்பைச் சொல்லும் சித்திரங்கள். ரப்பர் வெட்டு, ஈயச் சுரங்கம், நெல், தேங்காய், கப்பல். 2011-இல் தேசிய நினைவுச்சின்னமானது. அடியில் எம்ஆர்டி (பெருவிரைவு ரயில்) நிலையம் கட்டும் வேலைக்காகச் சில ஆண்டுகள் மூடிக் கிடந்தது.

கடைசி வண்டியை இங்கிருந்து ஓட்டிப் போனவர் ஜொகூர் சுல்தான் இப்ராகிம். அவருடைய கொள்ளுத்தாத்தா காலத்தில்தான், 1920களில், கடற்பாலம் வந்து தீவு பெருநிலத்தோடு சேர்ந்தது. கடைசி வண்டி கிளம்பிய இரவு நடைமேடை நிறைய ஆள். அழுதவர்களில் பலர் அந்த ரயிலில் அடிக்கடி போனவர்கள் இல்லை.

*

நடப்பவர், சைக்கிள்காரர் சச்சரவு இங்கேயும் உண்டு. பாதை குறுகல், பெரும்பாலும் பொடிக்கல் கெட்டித்த தரை, இருபுறம் புல். பின்னாலிருந்து வேகமாக வரும் சைக்கிள் வயதானவர்களுக்கு அச்சம். பெரியவர் ஒருவர் ஓரம் ஒதுங்கிச் சொன்னது: "தம்பி, மணி அடிச்சிட்டு வாங்க. காது கேக்காது, ஆனா மணி கேக்கும்." அதற்குமேல் விதி எதற்கு? வேகமாக மிதிக்க வேண்டுமென்றால் கடற்கரைப் பூங்காவில் தனிப்பாதை இருக்கிறது.

தார் போடச் சொல்பவர்களும் இருக்கிறார்கள். வேண்டாம். மழை உள்ளே இறங்கட்டும், சேறு காலில் ஒட்டட்டும். விளக்கும் பல இடங்களில் இல்லை. எறும்புதின்னிக்கு அதுவே நல்லது.

*

முதல்முறை போகிறவர்களுக்கு: ஹில்வியூ எம்ஆர்டியில் இறங்கித் தெற்கே நடங்கள். ரயில் மால், இரண்டு பாலம், நடுவே காட்டோரம், புக்கிட் தீமா நிலையம் எல்லாம் நான்கு, ஐந்து கிலோமீட்டருக்குள் வந்துவிடும். முடிவில் கிங் ஆல்பர்ட் பார்க் எம்ஆர்டி பக்கத்திலேயே. காலை ஏழு மணிக்குள் தொடங்குங்கள், பதினொன்றுக்குமேல் வெயில் தலையில் இறங்கும். தண்ணீர் கையில் இருக்கட்டும். இடையில் கடை குறைவு. இடி கேட்டால் பெரிய மரத்தடியில் நிற்க வேண்டாம். வடக்குப் பகுதி நீளம், நிழல் குறைவு, அதைச் சைக்கிளுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் அப்பாவோ தாத்தாவோ ரயில்வேயில் இருந்தவராக இருந்தால் அவரைக் கூட்டிப்போங்கள். நிலையத்துக்கு முன்னால் விட்டுவைத்த தண்டவாளத்தருகே கொஞ்ச நேரம் உட்காரவைத்து, கைப்பேசியில் ஒலிப்பதிவை ஓடவிட்டு, எந்த மைலில் அவருடைய கேங் இருந்தது என்று கேளுங்கள்.